மலையாளக் கதைகளை ஆங்கில எழுத்தில் பகிர்பவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

குசேலர் கதையில் அவர் மனைவி அவல் கொடுத்தனுப்பும் இடத்தை மங்கிலீஷில், அதாவது ஆங்கில எழுத்தில் மலையாளமாக, எழுதிப் பாருங்கள். ‘அவள் அவல் கொடுத்து’ என்பது மலையாள வாக்கியம். ஆங்கில எழுத்தில் முதல் இரண்டு சொற்களும் அச்சு அசலாக ஒன்றாகிவிடும். மலையாள ஆண்டின் தனு மாதத்து முதல் புதன்கிழமையைக் குசேலர் தினமாகக் கொண்டாடி, குருவாயூரில் அவல் படைக்கும் மக்களின் கதை இது. அதில் போய் அவலையும் அவளையும் குழப்பலாமா?

லகரத்துக்கும் ளகரத்துக்கும் ஒரே எழுத்தைப் போடுவதுதான் முதல் தவறு. னகரமும் ணகரமும் இப்படித்தான் கலக்கின்றன. ‘எந்து பற்றி?’ என்றால் ‘என்ன ஆயிற்று?’ என்று பொருள். ‘பட்டி’ என்றால் நாய். வழக்கமான மங்கிலீஷில் பற்றியும் பட்டியும் ஒரே சொல். குறில் நெடிலைக் கவனிக்காவிட்டால் கணவனைக் குறிக்கும் பதியும் அரையைக் குறிக்கும் பாதியும் ஒன்றாகிவிடும். மலையாள எழுத்து தெரிந்தவர் இதையெல்லாம் ஊகித்துக் கடந்துவிடுவார். ஆனால், மங்கிலீஷ் யாருக்கு உண்மையிலேயே தேவை? வளைகுடாவில் வளர்ந்து, வீட்டில் மலையாளம் பேசியும் எழுத்து படிக்கத் தெரியாத பிள்ளைக்கு. அந்தப் பிள்ளையைத் தடுமாறவிடுவது எனக்குப் பொறுக்கவில்லை.

வழி எளிது. ளகரம், ணகரம், றகரம் மூன்றுக்கும் பெரிய எழுத்து. நெடிலுக்கு இரட்டை உயிரெழுத்து. ஆங்கில எழுத்தில் தட்டி மலையாளம் பெறும் ‘மொழி’ என்ற தட்டச்சு முறையில் பழகியவர்களுக்கு இந்தப் பெரிய எழுத்து வழக்கம் புதிதல்ல. இந்த முறையைப் பின்பற்றினால், வாக்கியத்தின் முதல் எழுத்தைத் தானாகப் பெரிதாக்கும் கைபேசி வசதியை அணைத்துவிடுங்கள். இல்லையென்றால் ‘நல்ல’ என்று தொடங்கும் வாக்கியம் ணகரத்தில் தொடங்கியதாகிவிடும். ஆங்கிலச் சொல் திருத்தியையும் சேர்த்தே அணைப்பது நல்லது.

பெயர்களை இடத்துக்கு இடம் மாற்றி எழுதுவது அடுத்த தவறு. கேரளப் பழங்கதைகளில் வரும் நாறாணத்து பிராந்தனை ஒரு பத்தியில் ஒரு விதமாகவும் அடுத்ததில் வேறு விதமாகவும் எழுதினால், பிறகு தேடுபவருக்குக் கதை அகப்படாது. தலைப்பையும் பாத்திரப் பெயர்களையும் ஒருமுறையாவது மலையாள எழுத்திலும் கொடுங்கள்.

எழுத்தை மாற்றிவிட்டால் உரிமைச் சிக்கல் இல்லை என்று நினைப்பதுதான் எல்லாவற்றிலும் மோசமான தவறு. வார இதழ்த் தொடர்கதையை ஆங்கில எழுத்தில் தட்டச்சு செய்தாலும் அது எழுதியவருடைய சொத்துதான். இந்தியச் சட்டப்படி பதிப்புரிமை ஆசிரியர் மறைந்த பின்னும் 60 ஆண்டுகள் நீடிக்கும். கேரளப் பழங்கதைகளின் தொகுப்பான ‘ஐதிஹ்யமாலா’வைத் தொகுத்த கொட்டாரத்தில் சங்குண்ணி 1937இல் காலமானார். ஆகவே அதிலுள்ள காயங்குளம் கொச்சுண்ணியையும் கடமற்றத்துக் கத்தனாரையும் தாராளமாகப் பகிரலாம். அதே கதைகளை அண்மையில் வேறொருவர் தம் நடையில் திருப்பிச் சொல்லியிருந்தால், அந்த வடிவத்துக்கு அவருடைய அனுமதி வேண்டும். அனுமதி கிடைத்த பிறகும் அவர் பெயரைக் கதையின் தலைப்புக்குக் கீழேயே போடுங்கள். பகிரப் பகிர முதலில் உதிர்ந்துபோவது அந்தப் பெயர்தான்.