மூளையில் படியும் புரதம்: வீட்டார் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சிங்கப்பூரில் ஒரு பகல்நேரப் பராமரிப்பு நிலையத்தில் தாதியாக இருக்கிறேன். முதுமைமறதி நோய் கண்டவர்களின் பிள்ளைகள் முதல்முறை வந்து உட்கார்ந்து பேச ஆரம்பித்ததுமே, இவர்கள் எங்கே சறுக்கப் போகிறார்கள் என்று தெரிந்துவிடும். முன்னால் வந்தவர்களும், ஏன், நாங்களும் சறுக்கிய அதே இடங்கள்தான். "நான் யாருன்னு சொல்லுங்க பார்ப்போம்" என்று அப்பாவுக்குப் பரீட்சை வைக்காதீர்கள் என்பதையெல்லாம் இங்கே எழுதவில்லை. அதைச் சொல்ல நிறையப் பேர் இருக்கிறார்கள்.

புரதம் என்றதும் பருப்பை நிறுத்துவது

"மூளையில் புரதம் சேர்ந்திருக்கு" என்று டாக்டர் சொன்னதும் முட்டை, மீன், பருப்பு எல்லாவற்றையும் நிறுத்திய வீடுகள் உண்டு. மூளையில் படியும் அமைலாய்டு, டௌ, ஆல்ஃபா சைனூக்ளீன் எல்லாம் உடம்பு தானே செய்துகொள்ளும் புரதங்கள். சாப்பிடும் புரதமோ குடலிலேயே உடைந்துவிடும். மூளையில் ஒரு புரதம் தப்பாக மடிந்துகொண்டால், பக்கத்தில் இருப்பதையும் தன்னைப் போலவே மடிய வைக்கிறது. பாலில் உறை ஊற்றியது போலத்தான். அல்ஸைமர் நோயில் இது தொடங்குவது மறதி வெளியே தெரிவதற்கு 15, 20 ஆண்டுகளுக்கு முன்பே. நேற்றைய சாம்பார் மேல் பழி போடுவதில் அர்த்தமில்லை. பருப்பை நிறுத்தினால் தசைதான் கரையும், அப்புறம் குளியலறையில் விழுவார்கள்.

நடுக்கமும் விறைப்பும் தரும் பார்க்கின்சன் நோய்க்கு லெவோடோபா மாத்திரை எடுப்பவர்களுக்கு மட்டும் ஒரு சங்கதி: சாப்பாட்டுப் புரதம் அந்த மருந்தோடு போட்டி போடும். அதனால் சாப்பிடுவதற்கு அரை மணி நேரம் முன்னால் மாத்திரையைப் போடச் சொல்வார்கள். அதற்காகப் பத்தியம் இருக்க வேண்டியதில்லை.

எல்லாவற்றையும் "டிமென்ஷியா" (முதுமைமறதி) என்று சொல்லி முடிப்பது

இதை நினைத்தால் இன்றும் எனக்கு எரிச்சல் வரும்.

அலாய்ஸ் அல்ஸைமர் என்ற மருத்துவர் 1906-ல் சொன்ன படிவுகளும், நூல் சிக்கியது போன்ற முடிச்சுகளும் ஒரு வகை. 1912-ல் லூயி என்ற மருத்துவர் பார்க்கின்சன் நோயாளிகளின் மூளையில் கண்ட உருண்டைகள் வேறு வகை, அவற்றைத்தான் லூயி பாடி என்கிறார்கள். அந்த உருண்டைகளில் இருப்பது ஆல்ஃபா சைனூக்ளீன் என்று 1997-ல்தான் தெரிந்தது. இரண்டிலும் மறதி வரலாம். ஆனால் ஒருவருக்குக் கொடுக்கும் மருந்து இன்னொருவரைப் படுக்கையில் தள்ளிவிடும்.

தோ பாயோவிலிருந்து ஒரு பெரியவர் வருவார். காலையில் தமிழ் முரசை வரி விடாமல் வாசிப்பார், சாயங்காலம் மகனையே யார் என்று கேட்பார். நடை சுருங்கிவிட்டது. பல வருஷமாகத் தூக்கத்தில் கை காலை வீசி உதைப்பாராம். "அக்கா, சோபாவில சின்னப் பிள்ளைங்க உட்கார்ந்திருக்குன்னு சொல்லி பிஸ்கட் எடுத்து வைக்கிறார்" என்றாள் மகள். சொந்தக்காரர்கள் காத்து கருப்பு என்று கயிறு கட்டிவிட்டிருந்தார்கள். நிபுணர் பார்த்து, லூயி பாடி வகை என்று கடிதமே கொடுத்தார். அதை டிவிக்குக் கீழே இழுப்பறையில் போட்டுவிட்டார்கள்.

பிறகு ஒருநாள் சிறுநீர்த் தொற்று, காய்ச்சல், நடுராத்திரியில் ஒரே கலாட்டா. 995 கூப்பிட்டு அவசரப் பிரிவுக்குக் கொண்டுபோனார்கள். என்ன நோய் என்று கேட்டதற்கு மகன் சொன்னது ஒரே வார்த்தை: "டிமென்ஷியா". ஆளை அமைதிப்படுத்த ஹாலோபெரிடால் ஊசி போட்டார்கள். மறுநாள் உடம்பு விறைத்துவிட்டது. மகள் ஊட்டிய கஞ்சி கன்னத்துக்குள்ளேயே தங்கி, வாயோரம் வழிந்தது. எழுந்து உட்காரவே வாரக்கணக்கானது. கீழே காப்பிக்கடைக்கு நடந்து போனவர், அதன்பின் சக்கர நாற்காலிதான்.

இந்த நோயில், உடல் அசைவுக்குத் தேவையான டோபமின் என்ற பொருளைச் சுரக்கும் மூளைச் செல்கள் ஏற்கெனவே அழிந்துகொண்டிருக்கும். ஹாலோபெரிடால் மிச்சமிருக்கும் டோபமின் வேலை செய்யும் வழியையும் அடைத்துவிடுகிறது. எல்லாருக்கும் இப்படி ஆகாது. யாருக்கு ஆகும் என்று முன்கூட்டிச் சொல்லவும் முடியாது. வாந்திக்குத் தரும் மெட்டோகுளோப்ரமைட், தலைசுற்றலுக்கு கிளினிக்கில் சாதாரணமாகக் கொடுக்கும் புரோக்குளோர்பெராசின் இரண்டும் அதே வழியை அடைப்பவை.

இதற்கு ஒரு சின்ன அட்டை போதும். லூயி பாடி வகை என்று ஆங்கிலத்தில் எழுதி, ஆகாத மருந்துகளின் பெயரை நிபுணரிடமே கேட்டுக் குறித்து, அடையாள அட்டையோடு வையுங்கள். இன்னொன்றைப் பணிப்பெண்ணிடம் கொடுங்கள். ராத்திரி 2 மணிக்கு ஆம்புலன்ஸில் ஏறப்போவது பெரும்பாலும் அவர்தான். டாக்டர் ஏற்கெனவே எழுதிக்கொடுத்த மருந்தை மட்டும் நீங்களாக நிறுத்தாதீர்கள். போய்க் கேளுங்கள்.

ஸ்கேனில் அமைலாய்டு தெரிந்ததும் அழுவது

நினைவு நன்றாக இருக்கும் முதியவர்கள் பலருக்கும் படிவு இருக்கும்.

வல்லாரை, தேங்காய் எண்ணெய்

பிடித்தால் சாப்பிடுங்கள். படிவு கரையாது.

புது ஊசி எல்லாருக்கும் என்று நினைப்பது

லெக்கனமாப் என்ற அந்த ஊசி ஆரம்ப நிலை அல்ஸைமருக்கு மட்டும். 18 மாத ஆய்வில் சரிவை 27 விழுக்காடு மெதுவாக்கியது, நிறுத்தவில்லை. மூளையில் வீக்கமோ ரத்தக்கசிவோ வருகிறதா என்று எம்ஆர்ஐ எடுத்துக்கொண்டே இருக்க வேண்டும்.

எல்பிஏ பத்திரத்தைத் தள்ளிப்போடுவது

"அப்பா இப்ப நல்லாத்தானே இருக்கார்" என்பார்கள். தனக்கு முடியாமல் போனால் தன் சார்பில் முடிவெடுக்க ஒருவரை நியமிக்கும் பத்திரம் இது, நன்றாக இருக்கும்போதுதான் செய்ய முடியும். விஷயம் புரிந்துதான் கையெழுத்துப் போடுகிறார் என்று அங்கீகாரம் பெற்ற மருத்துவரோ வழக்கறிஞரோ சான்று தர வேண்டும். அந்தக் கட்டம் தாண்டிவிட்டால் அவர் வங்கிக் கணக்கைத் தொடக்கூட நீதிமன்றத்தில் விண்ணப்பிக்க வேண்டியிருக்கும். லூயி பாடி என்றால் தெளிவு நேரத்துக்கு நேரம் மாறும், அவர் தெளிவாக இருக்கும் நேரம் பார்த்து அழைத்துப் போங்கள்.