பணியிட மாற்ற உத்தரவை உயர் நீதிமன்றத்தில் எதிர்ப்பதற்கான வழிமுறை

மலேசியாவில் அரசு ஊழியராக இருக்கும் உங்களுக்கு இடமாற்றக் கடிதம் வந்தால், அது கைக்குக் கிடைத்த நாளை அக்கடிதத்தின் ஓரத்திலேயே முதலில் குறித்து வையுங்கள். 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 53ஆவது கட்டளைப்படி, நீதித்துறை மறுஆய்வுக்கான (அரசு அமைப்பின் முடிவு சட்டப்படி சரியா என்று நீதிமன்றம் பார்ப்பதற்கான) விண்ணப்பத்தைத் தாமதமின்றியும், எப்படியும் முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 3 மாதத்துக்குள்ளும் தாக்கல் செய்ய வேண்டும். பழைய விதிகளில் இருந்த 40 நாளோடு ஒப்பிட்டால் இது தாராளம்தான். ஆனால் நம்மவர்கள் பலர் இலாகாவுக்கு மேல்முறையீட்டுக் கடிதம் அனுப்பிவிட்டுப் பதிலுக்காகக் காத்திருந்தே அந்தக் காலத்தைக் கழித்துவிடுகிறார்கள். மேல்முறையீடு செய்யுங்கள், அதனால் கெடு நீளும் என்று மட்டும் நம்பிவிடாதீர்கள்.

வழக்குப் போடும் எண்ணம் இருந்தாலும், புதிய இடத்தில் குறித்த நாளில் பணியில் சேர்ந்துவிடுவதே பாதுகாப்பானது. விடுப்பின்றி வராமலிருப்பது 1993ஆம் ஆண்டு நன்னடத்தை, ஒழுங்கு விதிமுறைகளின்படி தனியொரு குற்றம்; அது உங்கள் வழக்கின் நியாயத்தையும் மங்கச் செய்துவிடும்.

அடுத்து, எந்தக் காரணத்தை முன்வைப்பது என்பதில்தான் அதிகக் கவனம் தேவை. அந்த இடமாற்றம் உங்களுக்கு நல்லதா கெட்டதா என்று நீதிபதி பார்ப்பதில்லை. முடிவெடுத்தவருக்கு அதிகாரம் இருந்ததா, முறைப்படி எடுத்தாரா, நியாயமுள்ள எவரும் எடுக்க மாட்டாத அளவுக்கு அது அபத்தமானதா என்பவையே அங்கு எழும் கேள்விகள். விசாரிக்காமல் பணிநீக்கமோ பதவியிறக்கமோ செய்யக் கூடாது என்று கூட்டரசு அரசியலமைப்பின் 135(2) பிரிவு சொல்வதை வைத்துப் பலர் வாதாட முயல்கிறார்கள். பதவியும் சம்பளமும் அப்படியே இருக்கும் சாதாரண இடமாற்றத்துக்கு அது பொதுவாகக் கைகொடுக்காது. இடமாற்றும் அதிகாரத்தைச் சேவை ஆணையங்களுக்குத் தரும் 144ஆவது பிரிவு அதைவிடப் பயனுள்ளது, ஏனெனில் கடிதத்தில் கையொப்பமிட்டவருக்கு அந்த அதிகாரம் முறையாக ஒப்படைக்கப்பட்டிருந்ததா என்று அதைக் கொண்டு கேட்கலாம். மறைமுகத் தண்டனை என்ற வாதமும் உண்டு. பட்டர்வொர்த்தில் பணிபுரியும் ஒரு குமாஸ்தா கொள்முதல் முறைகேடு பற்றிப் புகார் கொடுத்த பத்தாம் நாளில் பெர்லிஸுக்கு அனுப்பப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். எச்சரிக்கை, அபராதம் முதல் பணிநீக்கம் வரை 1993 விதிமுறைகள் வரிசைப்படுத்தும் தண்டனைகளில் இடமாற்றம் இல்லை. ஆகவே, ஒழுங்கு நடவடிக்கை எடுக்காமலேயே தண்டிக்க இந்த அதிகாரம் பயன்பட்டது என்று அவர் வாதிடலாம். அதற்குத் தேதிவாரியான கடிதங்களும் மின்னஞ்சல்களும் வேண்டும். சந்தேகம் மட்டும் போதாது. பிள்ளைகளின் பள்ளி, தாயாரின் டயாலிசிஸ் போன்ற குடும்பச் சிரமங்களை இலாகாவுக்கான மேல்முறையீட்டில் விரிவாக எழுதுங்கள். என் கணிப்பில், அவை மட்டும் நீதிமன்றத்தில் வழக்கை வென்று தரா.

கோலாலம்பூரில் இருப்பவர் ஜாலான் டூத்தா வளாகத்திலுள்ள உயர் நீதிமன்றத்திலும், பினாங்கில் இருப்பவர் ஜார்ஜ்டவுன் உயர் நீதிமன்றத்திலும், மறுஆய்வு வழக்கை நடத்த முதலில் அனுமதி கோர வேண்டும். கேட்கும் நிவாரணத்தையும் காரணங்களையும் கூறும் அறிக்கையும், உண்மைகளை உறுதிசெய்யும் சத்தியப் பிரமாணப் பத்திரமும் மலாய் மொழியில் தயாராக இருக்கட்டும். இந்தக் கட்டம் உங்கள் தரப்பை மட்டும் கேட்கும் ஒருதரப்பு விசாரணை என்றாலும், அதற்குக் குறைந்தது 3 நாளுக்கு முன் சட்டத்துறைத் தலைவர் அலுவலகத்துக்கு அறிவிப்புத் தர வேண்டும். அவர்கள் வந்து ஆட்சேபிப்பதும் உண்டு. அற்பமான வழக்கு அன்று, வாதிடத்தக்க விஷயம் இருக்கிறது என்று காட்டினால் இந்தக் கட்டத்தைத் தாண்டலாம்.

உத்தரவை நிறுத்திவைக்க வேண்டுமானால் அதையும் அப்போதே கேளுங்கள், ஏனெனில் நீதிபதி தனியாகப் பணித்தால்தான் அனுமதி தடையுத்தரவாகவும் செயல்படும். தோற்றால் எதிர்த்தரப்பின் செலவுத்தொகையைக் கட்ட நேரலாம் என்பதை வழக்கறிஞரிடம் முன்கூட்டியே பேசிவிடுங்கள். அனுமதி கிடைத்துவிட்டால், 14 நாளுக்குள் முதன்மை விண்ணப்பத்தைத் தாக்கல் செய்தாக வேண்டும்.