யூனிட்டி ப்ராஜெக்டில் கிட்: முதல் கமிட்டுக்கு முன்னால் செய்ய வேண்டியவை

கணினியில் கிட் (கோப்புகளில் வரும் மாற்றங்களைப் பதிவுசெய்து வைக்கும் மென்பொருள்), யூனிட்டி (கேம் உருவாக்கும் மென்பொருள்) இரண்டும் இருக்கின்றன, கிட் ப்ராஜெக்டுகளை இணையத்தில் வைக்கும் தளமான கிட்ஹப்பில் கணக்கும் இருக்கிறது என்று வைத்துக்கொண்டு தொடங்குகிறேன். கமிட் என்பது கிட்டில் செய்யும் ஒரு பதிவு.

முதலில் யூனிட்டிக்குள் ப்ராஜெக்ட் செட்டிங்ஸ் போங்கள். அசெட் சீரியலைசேஷன் ‘ஃபோர்ஸ் டெக்ஸ்ட்’ என்றும், வெர்ஷன் கன்ட்ரோல் ‘விசிபிள் மெட்டா ஃபைல்ஸ்’ என்றும் இருக்க வேண்டும். புது ப்ராஜெக்டில் இரண்டும் அப்படித்தான் இருக்கும்.

அடுத்தது, கிட் எதைத் தொடக்கூடாது என்று சொல்லும் கிட்இக்னோர் கோப்பு. கிட்ஹப்பில் யூனிட்டிக்கென்றே ஒரு மாதிரி இருக்கிறது, அதையே எடுத்துக்கொள்ளுங்கள். அசெட்ஸ், பேக்கேஜஸ், ப்ராஜெக்ட் செட்டிங்ஸ் மூன்று ஃபோல்டர்களும் உள்ளே போக வேண்டும். லைப்ரரி, டெம்ப், லாக்ஸ், யூசர் செட்டிங்ஸ் எல்லாம் வெளியே. லைப்ரரியைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். அழித்துவிட்டாலும் ப்ராஜெக்டைத் திறக்கும்போது யூனிட்டி திரும்பக் கட்டிக்கொள்ளும், கொஞ்ச நேரம் பிடிக்கும், அவ்வளவுதான்.

இப்போது மெட்டா கோப்புகள். நான் இரண்டு நாள் மாட்டிக்கொண்டது இங்கேதான்.

அசெட்ஸில் ஒரு படம் போட்டால் பக்கத்திலேயே அதே பெயரில் ஒரு மெட்டா கோப்பு முளைக்கும். யூனிட்டி தனக்காக எழுதிவைக்கும் குப்பை என்று நினைத்து, மெட்டா அத்தனையையும் இக்னோரில் சேர்த்துவிட்டேன். என் கணினியில் எல்லாம் ஒழுங்காக ஓடியது. நண்பர் க்ளோன் செய்து, அதாவது கிட்ஹப்பிலிருந்து முழுப் பிரதி எடுத்து, திறந்தார். ஹீரோவின் மேல் ஸ்கிரிப்ட் இருக்க வேண்டிய இடத்தில் ‘மிஸ்ஸிங்’. படங்களும் காணோம். ஆனால் ஃபோல்டரில் பார்த்தால் ஒரு கோப்புகூடக் குறையவில்லை.

மெட்டாவை நோட்பேடில் திறந்தபோதுதான் விளங்கியது. இரண்டாவது வரியில் ‘ஜியுஐடி’ என்று போட்டு 32 எழுத்து நீளத்தில் ஓர் அடையாளம் இருக்கும். சீன் கோப்பு (கேமின் ஒரு காட்சியில் என்னென்ன இருக்கின்றன என்று வைத்திருப்பது) ஒரு படத்தையோ ஸ்கிரிப்டையோ பெயரை வைத்துத் தேடுவதில்லை, இந்த அடையாளத்தை வைத்துத்தான் தேடுகிறது. மெட்டா வராததால் நண்பரின் யூனிட்டி எல்லாவற்றுக்கும் புது அடையாளம் போட்டுவிட்டது. சீனோ பழையதையே தேடிக்கொண்டிருந்தது.

சரிசெய்ய, இக்னோரில் அந்த வரியை எடுத்துவிட்டு என் கணினியில் இருந்த மெட்டாக்களை கமிட் செய்தேன். நண்பர் தன் பிரதியை அழித்துவிட்டுப் புதிதாக க்ளோன் செய்தார். அவரிடம் உருவான மெட்டாக்களை கமிட் செய்திருந்தால் என் பக்கமும் உடைந்திருக்கும். அன்றிலிருந்து பெயர் மாற்றுவதும் இடம் மாற்றுவதும் யூனிட்டிக்குள்ளேயே. வெளியில் நகர்த்தியே ஆக வேண்டுமென்றால் மெட்டாவும் கூடவே போக வேண்டும்.

கடைசியாகப் பெரிய கோப்புகள். 100 எம்பியைத் தாண்டும் கோப்பை கிட்ஹப் வாங்காது. அடுத்த கமிட்டில் அழித்தாலும் பழைய கமிட்டில் அது உட்கார்ந்திருக்கும், புஷ் (கமிட்டுகளை கிட்ஹப்புக்கு அனுப்புவது) மறுபடி நிற்கும். இதற்கென்றே, பெரிய கோப்புகளைத் தனியாக வைக்கும் எல்எஃப்எஸ் என்ற துணைக் கருவி கிட்டுக்கு இருக்கிறது. அதனால் முதல் கமிட்டுக்கு முன்பே ‘கிட் எல்எஃப்எஸ் இன்ஸ்டால்’ கொடுத்து, பிஎஸ்டி (படம்), வேவ் (ஒலி), எஃப்பிஎக்ஸ் (3டி மாடல்) வகைகளை ‘கிட் எல்எஃப்எஸ் ட்ராக்’ மூலம் சேர்த்துவிடுங்கள். அதில் உருவாகும் கிட்அட்ரிப்யூட்ஸ் கோப்பையும் கமிட் செய்ய வேண்டும். சீனையும் ப்ரீஃபேபையும் (திரும்பத் திரும்பப் பயன்படுத்தச் சேமித்துவைக்கும் பொருள்) இதில் போடாதீர்கள். அவை எழுத்துக் கோப்புகள், என்ன மாறியது என்று வரிவரியாகப் பார்க்க முடிவதே அவற்றின் பயன்.

அப்புறம் கோப்புகளைச் சேர்க்க ‘கிட் ஆட்’, எவை சேர்ந்தன என்று பார்க்க ‘கிட் ஸ்டேட்டஸ்’. பட்டியலில் லைப்ரரி என்ற சொல் கண்ணில் பட்டால் கமிட் செய்யாமல் நிறுத்துங்கள். படம் வரைபவர்களுக்கு நான் எப்போதும் கட்டளை எழுதாமல் பொத்தான்களால் வேலை செய்யும் கிட்ஹப் டெஸ்க்டாப்பைத்தான் சொல்வேன். ஆனால் இந்த முதல் அமைப்பை மட்டும் டெர்மினலில் செய்வதே நல்லது. எது உள்ளே போகிறது என்று ஒவ்வொன்றாகத் தெரியும்.

பின்சேர்க்கை: எல்லாம் சொன்னபடி செய்தும் லைப்ரரி உள்ளே போகிறது என்று இருவர் எழுதியிருந்தார்கள். இருவருமே ரெப்போவுக்குள் (கிட் கவனித்துக்கொள்ளும் முழு ஃபோல்டர்) ஒரு துணை ஃபோல்டரில் யூனிட்டி ப்ராஜெக்டை வைத்து, கிட்இக்னோரை அதற்கு மேலே வைத்திருந்தார்கள். அந்த மாதிரியில் லைப்ரரி வரி சாய்கோட்டில் தொடங்குகிறது. அதாவது, இக்னோர் கோப்பு இருக்கும் இடத்திலேயே உள்ள லைப்ரரியை மட்டும்தான் அது தடுக்கும். கோப்பை அசெட்ஸ் ஃபோல்டருக்குப் பக்கத்தில் நகர்த்துங்கள். ஏற்கெனவே கமிட் ஆகியிருந்தால் நீக்குவதற்கான ‘கிட் ஆர்எம்’ கட்டளையோடு ‘-ஆர்’, ‘--கேஷ்ட்’ இரண்டையும் சேர்த்து, லைப்ரரி ஃபோல்டரின் பெயரைக் கொடுங்கள். கணினியில் ஃபோல்டர் அப்படியே இருக்கும், கிட் மட்டும் அதை விட்டுவிடும்.