ரோபோ படங்களைக் காதால் பார்ப்பது எப்படி

ரோபோ படம் என்றாலே முதல் கேள்வி "கிராஃபிக்ஸ் எப்படி?" என்பதுதான். பத்து வருடத்தில் எந்த கிராஃபிக்ஸும் பழசாகிவிடும். பழசாகாமல் நிற்பது அந்த இயந்திரத்தின் குரல். நான் டப்பிங் தியேட்டரில் வசனம் எடிட் செய்கிறவன். நடிகர் வசனத்துக்கு முன்னால் இழுக்கிற மூச்சை வைப்பதா, வெட்டுவதா என்று நாள் முழுக்க முடிவெடுப்பது என் வேலை. மூச்சை வெட்டிவிட்டால் குரலும் வசனமும் அப்படியேதான் இருக்கும், ஆனால் பேசுவது ஆள் இல்லை என்று காது சொல்லிவிடும். செயற்கை நுண்ணறிவைப் பற்றி நல்ல படம் எடுத்தவர்கள் இதைத் தெரிந்து வைத்திருந்தார்கள். அதனால் இந்தப் படங்களைப் பார்க்கப் போகிறவர்களிடம் நான் சொல்வது இதைத்தான்: யார் மூச்சு விடுகிறார்கள், யார் விடவில்லை என்று கேளுங்கள்.

முதலில் கொஞ்சம் ஏற்பாடு. ஃபோன் ஸ்பீக்கரில் வேண்டாம். விலை உயர்ந்த ஹெட்ஃபோன் தேவையில்லை. காதை முழுக்க மூடுகிற, ஒயர் வைத்த சாதாரண ஹெட்ஃபோன் போதும். டிவியில் பார்ப்பதானால் செட்டிங்ஸுக்குள் போய் 'ஆட்டோ வால்யூம்', 'நைட் மோடு' மாதிரி எது இருந்தாலும் அணைத்துவிடுங்கள். அவை சின்னச் சத்தத்தைத் தூக்கி, பெரிய சத்தத்தை அமுக்கி, எல்லாவற்றையும் ஒரே மட்டத்துக்குக் கொண்டுவந்துவிடும். செய்தி கேட்க அது சரி. இந்தப் படங்களில் ஒரு சத்தமும் இல்லாத இடங்கள் வரும், அவை கெட்டுவிடும். மின்விசிறியையும் குறைத்து வையுங்கள்.

முதல் தடவை மூல மொழியிலேயே, சப்டைட்டிலோடு பாருங்கள். என் தொழிலே டப்பிங்தான், இருந்தும் சொல்கிறேன். டப்பிங்குக்கு எங்களிடம் வருவது இசையும் எஃபெக்ட்ஸும் மட்டும் உள்ள டிராக். வசனத்தோடு ஒட்டியிருக்கும் மூச்சு, முனகல், தொண்டைச் செருமல் எல்லாம் மூல நடிகரோடு போய்விடும். இங்கே பேசுகிறவர் அதைப் புதிதாகப் போட வேண்டும். பிரமாதமாகப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். ஆனாலும் அது இன்னொருவர் மூச்சு.

பார்க்கும் முறை எளிது. முதல் நாள் படத்தை நிறுத்தாமல் முழுசாகப் பாருங்கள். மறுநாள் ஒரே ஒரு காட்சியை மட்டும் எடுத்து, திரையைத் துண்டால் மூடிவிட்டுக் கேளுங்கள். அப்புறம் அதே காட்சியைச் சத்தமே இல்லாமல் பாருங்கள். மூன்றுக்கும் நடுவில் அந்தக் காட்சி எங்கே உயிர் வைத்திருக்கிறது என்று பிடிபட்டுவிடும்.

எதில் ஆரம்பிப்பது? ஸ்டான்லி குப்ரிக் எடுத்து 1968-இல் வந்த '2001: எ ஸ்பேஸ் ஒடிசி'. ஆரம்பத்திலேயே சில நிமிடம் திரை கறுப்பாக இருக்கும், இசை மட்டும் ஓடும். படம் சிக்கிக்கொண்டது என்று ரிமோட்டை எடுக்காதீர்கள். படமே அப்படித்தான் தொடங்குகிறது. ஏறக்குறைய முதல் இருபத்தைந்து நிமிடத்துக்கு ஒரு வசனம்கூடக் கிடையாது. அதைத் தாண்டி விடாதீர்கள். காது அந்த நேரத்தில்தான் பழகுகிறது.

விண்கப்பலை இயக்கும் ஹால் 9000 என்ற கணினிக்கு உடம்பு இல்லை. ஒரு சிவப்புக் கண், ஒரு குரல், அவ்வளவுதான். குரல் கொடுத்தவர் டக்ளஸ் ரெயின் என்ற கனடா மேடை நடிகர். 1960-இல் வந்த 'யூனிவர்ஸ்' என்ற கனடா ஆவணப்படத்தில் அவர் விவரணை சொன்னது குப்ரிக்குக்குப் பிடித்திருந்தது. இந்தப் படத்துக்கும் விவரணை சொல்லத்தான் அவரைக் கூப்பிட்டார்கள். விவரணையே வேண்டாம் என்று ஆனபின் அவர் ஹாலின் குரலானார். படப்பிடிப்புத் தளத்துக்கு அவர் போனதில்லை. நடிகர்களின் முகத்தைப் பார்த்துப் பேசாத குரல் அது. அதனால்தானோ என்னவோ, அந்தக் கப்பலுக்குள் யாருக்கும் பக்கத்தில் நிற்காத, எல்லா இடத்திலும் இருக்கிற குரலாக அது கேட்கிறது.

இதில் நான்கு இடங்களைக் குறித்துக்கொள்ளுங்கள். ஹாலைப் பற்றி இரண்டு விண்வெளி வீரர்கள் ஒரு சிறு கலத்துக்குள் அடைத்துக்கொண்டு ரகசியமாகப் பேசுகிறார்கள். ஹாலின் பார்வைக்கு மாறியதும் சத்தம் போய்விடும், உதடுகள் மட்டும் அசையும். அது உதட்டைப் படிக்கிறது என்று அந்த இடத்தில் யாரும் நமக்குச் சொல்வதில்லை. இரண்டாவது, அவர்களில் ஒருவரான ஃபிராங்க் பூல் கப்பலுக்கு வெளியே வேலை பார்க்கும் இடம். ஹெல்மெட்டுக்குள் அவர் விடும் மூச்சு மட்டும்தான் ஒலி. அவர் தாக்கப்படும் கணத்தில் அது அறுந்துவிடும். அதற்குப்பின் எதுவும் இல்லை, இசைகூட இல்லை. இந்த இடத்தில் ஒரு இசைத் துணுக்கு போட்டிருந்தால் காட்சி செத்திருக்கும். மூன்றாவது, உறக்க நிலையில் இருக்கும் மூன்று பேர் சாவது. முனகல் இல்லை, எச்சரிக்கை மணியும் திரையில் ஓடும் எழுத்தும்தான்.

நான்காவது இடத்தைத்தான் திரையை மூடிவிட்டுக் கேட்க வேண்டும். இன்னொரு வீரரான டேவ் போமன், ஹாலை நிறுத்த அதன் நினைவறைக்குள் போய் ஒவ்வொரு பகுதியாகக் கழற்றுகிறார். உங்கள் காதில் விழுவது மூன்றே: ஹெல்மெட்டுக்குள் போமனின் மூச்சு, காற்றுக் குழாயின் சீறல், ஹாலின் கெஞ்சல். வேண்டாம், நிறுத்து, எனக்குப் பயமாக இருக்கிறது என்று கணினி சொல்கிறது. கடைசியில் ஹாலைப் பாடச் சொல்லும்வரை போமன் வாயைத் திறப்பதில்லை. மூச்சு உள்ளவனிடம் பேச்சு இல்லை. பேசுகிற கணினிக்கு மூச்சு இல்லை. கேட்கும்போது யார்மேல் பரிதாபம் வருகிறது என்று பாருங்கள். ஹாலின் குரல் மெல்ல மெல்ல வேகம் குறைந்து, அடித்தொண்டைக்கு இறங்கி, கடைசியில் 'டெய்சி பெல்' என்ற பழைய பாட்டில் போய் முடிகிறது. 1961-இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் ஒரு ஐபிஎம் கணினி பாடிய பாட்டு அது. கதையை குப்ரிக்கோடு சேர்ந்து எழுதிய ஆர்தர் சி. கிளார்க் அதை அங்கே போயிருந்தபோது கேட்டிருக்கிறார். கணினி முதலில் கற்ற பாட்டை ஹால் கடைசியில் பாடுகிறது.

இதைப் பார்த்த கையோடு 'ஹெர்' பாருங்கள். ஸ்பைக் ஜோன்ஸ் இயக்கியது, 2013. ஹாலுக்கு நேர் எதிரான குரல் இதில் இருக்கிறது. சமந்தா என்ற இயங்குதளத்துக்கு ஹாலின் சிவப்புக் கண் மாதிரி ஒன்றுகூடக் கிடையாது. ஆனால் சிரிக்கிறாள், தயங்குகிறாள், பெருமூச்சு விடுகிறாள். படத்தின் நடுவில் ஒரு சண்டை. தெருவோரம் உட்கார்ந்திருக்கும், அவளைக் காதலிக்கும் தியோடர் கேட்கிறான்: உனக்குத்தான் ஆக்சிஜனே தேவையில்லையே, ஏன் இப்படி மூச்சு விடுகிறாய்? அவள் அடிபட்டுப் போகிறாள். உன்னிடமிருந்து ஒட்டிக்கொண்டிருக்கும், மனிதர்கள் இப்படித்தானே பேசுகிறார்கள் என்கிறாள். படம் முழுக்க நம்மை நம்பவைத்த ஒரு சின்ன ஒலியை, கதாபாத்திரத்தின் வாயாலேயே எடுத்து மேசைமேல் வைத்துவிடுகிறார்கள். அந்தக் காட்சிக்கு முன்னும் பின்னும் சமந்தா எங்கெல்லாம் மூச்சு இழுக்கிறாள் என்று கேட்டுப் பாருங்கள்.

ஒரு உபரித் தகவல். படப்பிடிப்பில், தியோடராக நடித்த வாக்கீன் ஃபீனிக்ஸோடு இயங்குதளத்தின் குரலாகப் பேசியவர் நடிகை சமந்தா மார்ட்டன். பலகையடித்த சின்னக் கூண்டுக்குள் உட்கார்ந்து பேசினார். எடிட்டிங்கில் அந்தக் குரல் பொருந்தவில்லை என்று தோன்ற, ஸ்கார்லெட் ஜோஹன்சனை வைத்து முழுக்க மறுபடி பதிவு செய்தார்கள். அதாவது திரையில் நாம் பார்க்கும் முகம் ஒரு குரலுக்கு எதிர்வினை காட்டியது, நாம் கேட்பது இன்னொரு குரல். இவ்வளவு பெரிய மாற்றம் ஒட்டுத் தெரியாமல் நிற்கிறதென்றால் அந்த எடிட்டிங் மேசையில் இருந்தவர்களைக் கும்பிடத் தோன்றுகிறது.

'பிளேட் ரன்னர்' பார்ப்பதற்கு முன்னால் எந்தப் பதிப்பு என்று பார்த்துக்கொள்ளுங்கள். 1982-இல் அமெரிக்கத் திரையரங்குகளுக்கு வந்ததில் ஹாரிசன் ஃபோர்டு பின்னணியில் கதை சொல்லிக்கொண்டே வருவார். சந்தோஷமான முடிவு ஒன்றையும் ஒட்டியிருப்பார்கள். இரண்டும் இல்லாதது, இயக்குநர் ரிட்லி ஸ்காட் 2007-இல் வெளியிட்ட 'ஃபைனல் கட்'. அதையே பாருங்கள். பின்னணிப் பேச்சு இருந்தால் மழையும் வான்ஜெலிஸின் இசையும் உள்ளே வர இடமே இருக்காது. படத்தில், எதிரில் இருப்பது மனிதனா, ரெப்ளிகன்ட் என்ற செயற்கை மனிதனா என்று சோதிக்க ஒரு கருவி வருகிறது. பக்கவாட்டில் துருத்தி மாதிரி ஒன்று விரிந்து சுருங்கிக்கொண்டே இருக்கும். எதிரில் உட்கார்ந்திருப்பவர் மனிதரா என்று கேட்கிற அந்தக் கருவி தானே மூச்சு விடுகிறது! கடைசியில் மொட்டைமாடி மழையில் ராய் பேட்டி என்ற ரெப்ளிகன்ட் பேசுவதை, நடித்த ருட்கர் ஹாவர் தானே சுருக்கி, 'மழையில் கண்ணீர்த்துளிகளைப் போல' என்று வரும் வரியையும் எழுதினார். அதைத் திரை மூடிக் கேளுங்கள். வசனத்துக்கு நடுவில் விட்ட இடைவெளிகளில் மழையும் மெல்லிய இசையும்தான் கேட்கும்.

குழந்தைகளோடு பார்ப்பதானால் 'வால்-ஈ', 2008. முதல் அரைமணி நேரத்தில் இரண்டு ரோபோக்கள் ஒன்றின் பெயரை இன்னொன்று கூப்பிடுவதைத் தவிரப் பேச்சு என்று பெரிதாக இல்லை. ஒலியமைப்பு பென் பர்ட். 'ஸ்டார் வார்ஸ்' படத்தின் ஆர்2-டி2 ரோபோவுக்கு, தானே குழந்தை மாதிரி மழலை பேசி அதைச் சின்தசைசர் ஒலியோடு கலந்தவர் அவர்தான். வால்-ஈ உருண்டோடும் சத்தத்துக்குக் கையால் சுற்றும் பழைய ஜெனரேட்டரைப் பயன்படுத்தினார். வில்லனாக வரும் ஆட்டோ என்ற கப்பல் ஓட்டிக்கு மட்டும் மனிதக் குரலே இல்லை. ஆப்பிள் கணினியில் எழுத்தைப் படித்துக் காட்டும் மென்பொருளின் குரலை அப்படியே போட்டார்கள். எல்லா ரோபோவுக்கும் உணர்ச்சி கொடுத்த படத்தில் ஒன்றுக்கு மட்டும் கொடுக்கவில்லை. பிள்ளைகளிடம் "யாரைப் பார்த்தால் பயமாக இருக்கு?" என்று கேளுங்கள், சரியாகச் சொல்வார்கள்.

'எக்ஸ் மகினா'வில் ஏவா என்ற பெண் ரோபோ தலை திருப்பும்போதும் கை நீட்டும்போதும் மெல்லிய மோட்டார் ஒலி வரும். ஹெட்ஃபோன் இல்லாவிட்டால் தப்பிவிடும். அதே வீட்டில் கியோகோ என்று ஒருத்தி இருக்கிறாள், அவளுக்கு ஒரு வசனம்கூட இல்லை. விஷுவல் எஃபெக்ட்ஸுக்கு ஆஸ்கர் வாங்கிய படம்தான். ஆனால் பேச அனுமதிக்கப்பட்டவளையும் அனுமதிக்கப்படாதவளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்ததுதான் எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

'டெர்மினேட்டர் 2'-இல் திரவ உலோகத்தால் ஆன டி-1000 கம்பிக் கதவின் வழியே வழிந்து போகும் இடத்தை நிறுத்திக் கேளுங்கள். ஒலியமைப்பாளர் கேரி ரைட்ஸ்ட்ரோம் அதற்குப் பயன்படுத்தியது, டப்பாவிலிருந்து நாய் உணவு சறுக்கி வெளியே விழும் சத்தம். இது தெரிந்த பிறகும் அந்தக் காட்சி பயமுறுத்துகிறது.

ஜப்பானிய அனிமேஷனில் 'கோஸ்ட் இன் தி ஷெல்'. 1995-இல் வந்த மூலத்தையே தேடுங்கள். அதில் ஒரு பெண்ணின் சிதைந்த உடலிலிருந்து ஆண் குரல் பேசும். 2008-இல் புதுப்பித்து வெளியிட்டபோது அந்தக் குரலைப் பெண் குரலாக மாற்றிவிட்டார்கள். உடலும் குரலும் வேறு வேறாக இருப்பதுதான் அந்தக் கதையின் வேரே. மாற்றியது எனக்கு ஒப்பவில்லை.

நம் 'எந்திரன்' (2010) படத்தையும் இந்தக் காதோடு திரும்பப் பாருங்கள். ஒரே மாதிரி முகம் கொண்ட ரோபோக் கூட்டத்துக்குள் வசீகரன் ஒளிந்துகொள்ள, சிட்டி ஆடு மாதிரிக் கத்திக் காட்டும் இடம் எல்லோருக்கும் மனப்பாடம். இருவருக்கும் முகம் ஒன்று, குரலும் ஒருவருடையதே. அப்படியிருந்தும் எது யார் என்று நமக்குக் குழப்பம் வருவதில்லை. வசீகரன் இழுத்து, யோசித்துப் பேசுவார். நல்ல சிட்டி ஒரே சீராகக் கொட்டும். கெட்ட சிட்டி ருசித்துப் பேசும். கடைசியில் சிட்டி தன்னைத் தானே கழற்றிக்கொண்டே பேசும் காட்சியை ஹாலின் நினைவறைக் காட்சிக்கு அடுத்து ஓடவிடுங்கள். அங்கே கெஞ்சல், இங்கே விடைபெறல். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் நம் படத்தின்மேல் மரியாதை கூடும்.

பழைய படங்களுக்குக் கடைசியில் வாருங்கள், காது பழகியிருக்கும். 'ஃபர்பிடன் பிளானட்' 1956-இல் வந்தது. முழுக்க மின்னணு ஒலியிலேயே இசையமைத்த முதல் பெரிய படம். லூயி பேரனும் பீபி பேரனும் சர்க்கியூட்டுகளைத் தாங்களே கட்டி அந்த ஒலிகளை எடுத்தார்கள். இசை எங்கே முடிகிறது, இயந்திரச் சத்தம் எங்கே ஆரம்பிக்கிறது என்று பிரிக்க முடியாது. கோதார் எடுத்த 'ஆல்ஃபாவில்' (1965) படத்தில் நகரத்தை ஆளும் கணினி கரகரவென்று பேசும். தொண்டையில் செயற்கைக் குரல் கருவி வைத்துப் பேசும் ஒருவரின் குரல் அது. கேட்க எளிதான படம் இல்லை, பொறுமை வேண்டும்.

ஃபிரிட்ஸ் லாங்கின் 'மெட்ரோபோலிஸ்' (1927) மௌனப்படம். இதில் என்ன கேட்பது என்று விட்டுவிடாதீர்கள். வெளியான கொஞ்ச நாளிலேயே வெட்டிக் குறைத்துவிட்டார்கள். 2008-இல் அர்ஜென்டினாவின் பியூனஸ் அயர்ஸில் கிட்டத்தட்ட முழுப் பிரதி ஒன்று கிடைத்தது. புதுப்பித்த பதிப்பு 2010-இல் பெர்லின் திரைப்பட விழாவில் வந்தது. எந்த ஷாட்டுக்கு அடுத்து எது என்று வரிசைப்படுத்த, காட்ஃபிரீட் ஹூப்பெர்ட்ஸ் எழுதிய இசைக் குறிப்புகள் பெரிதும் உதவின. படத்தை இசை காப்பாற்றியிருக்கிறது! அந்த 2010 பதிப்பையே வாங்குங்கள் அல்லது தேடிப் பாருங்கள். இடையிடையே கீறல் விழுந்த காட்சிகள் வரும், அவைதான் புதிதாகக் கிடைத்தவை. 1984-இல் ஜார்ஜியோ மொரோடர் பாப் பாட்டுகள் சேர்த்து வெளியிட்ட பதிப்பும் உண்டு. அதை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.