இங்கினியாகலையில் வள்ளம் ஏறுகிறவர்களுக்கு

வெளிநாட்டிலிருந்து ஊருக்கு வந்து யானை பார்க்க வேண்டும் என்றால் எல்லோரும் யாலாவுக்குத்தான் வான் பிடிக்கிறார்கள். மட்டக்களப்பு, கல்முனை, அக்கரைப்பற்றுப் பக்கம் சொந்தபந்தம் உள்ளவர்கள்கூட அப்படித்தான். அங்கே ஒரு சிறுத்தை தலைகாட்டினால் போதும், ஜீப்புகள் வரிசை கட்டிவிடும். பிள்ளைகள் சிறுத்தையைவிட முன்னால் நிற்கும் ஜீப்பின் பின்பக்கத்தைத்தான் அதிகம் பார்த்துவிட்டு வருவார்கள். அம்பாறை நகரத்திலிருந்து கிட்டத்தட்ட அரை மணித்தியாலத் தூரத்தில், யானை ஒரு தீவிலிருந்து இன்னொரு தீவுக்கு நீந்திப் போவதை வள்ளத்தில் இருந்தபடியே பார்க்கக்கூடிய இடம் ஒன்று இருக்கிறது. இரண்டில் ஒன்றுக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் நான் இதைத்தான் சொல்வேன். சிறுத்தைதான் வேண்டும் என்று நிற்பவர்கள் யாலாவுக்கே போகலாம்.

இடத்தின் பெயர் சேனாநாயக்க சமுத்திரம், வள்ளம் ஏறுவது இங்கினியாகலையில். பெயரில் சமுத்திரம் இருந்தாலும் இது குளம்தான். இலங்கையின் ஆகப் பெரிய நீர்த்தேக்கம், நிறைந்தால் சுமார் 95 கோடி கன மீற்றர் தண்ணீர் பிடிக்கும். நம்மவர்கள் பட்டிப்பளை ஆறு என்றும் சிங்களவர் கல்லோயா என்றும் சொல்லும் ஆற்றை மறித்து 1949இல் வேலை தொடங்கிக் கட்டினார்கள். தண்ணீர் ஏறியபோது பள்ளத்தாக்கில் இருந்த சிறு குன்றுகளின் உச்சிகள் மட்டும் வெளியே நின்றன. இன்று நாம் தீவு என்று பார்ப்பவை அவைதான். அணைக்கட்டுக்கு மேலே உள்ள நீரேந்துப் பகுதியைக் காப்பாற்ற 1954இல் கல்லோயா தேசியப் பூங்காவையும், குளத்தைச் சுற்றிச் சரணாலயங்களையும் அறிவித்தார்கள். கல்முனையிலிருந்து போகும்போது சம்மாந்துறை தாண்டி இரண்டு பக்கமும் பச்சையாகக் கிடக்கும் வயல்களுக்கு வாய்க்கால் வழியே வருவதும் இந்தக் குளத்துத் தண்ணீர்தான்.

பிள்ளைகளுக்கு இன்னொன்றும் சொல்லிக் கூட்டிப் போங்கள். இந்தக் குளத்தைக் கட்டிய கல்லோயாத் திட்டத்தின் குடியேற்றங்கள்தான் இந்தப் பக்கத்தின் இனக்கணக்கை மாற்றியவை. 1956 ஜூனில், சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கிய தனிச் சிங்களச் சட்டத்தை ஒட்டி எழுந்த கலவரத்தில் இந்தப் பள்ளத்தாக்கில் தமிழர் பலர் கொல்லப்பட்டார்கள். பயணத்தைக் கெடுக்கவா இதைச் சொல்கிறாய் என்று கேட்பீர்கள். இல்லை. வீட்டில் மூத்தவர்கள் ‘கல்லோயா’ என்றதும் ஏன் ஒரு நிமிடம் பேசாமல் இருக்கிறார்கள் என்பது பிள்ளைகளுக்குத் தெரிந்திருக்க வேண்டும், அவ்வளவுதான்.

எப்போது போவது

மார்ச்சிலிருந்து ஜூலை வரை நல்ல காலம். மழை நின்று தண்ணீர் இறங்க இறங்க, கரையில் புதுப்புல் முளைக்கும். அதை மேயக் காட்டிலிருந்து யானைகள் இறங்கி வரும். கோடை விடுமுறைக்கு வருகிறவர்கள் ஜூலையிலேயே போய்விடுவது நல்லது, ஆகஸ்ட் முற்பகுதி என்றாலும் பரவாயில்லை. மார்கழி விடுமுறைக்கு வருகிறவர்களுக்குத்தான் சிக்கல். அது வடகீழ்ப் பருவமழைக் காலம். குளம் நிறைந்து பார்க்க அழகாக இருக்கும், ஆனால் புல் தண்ணீருக்கு அடியில் கிடக்கும், யானை காட்டுக்குள் நிற்கும். அந்த மாதத்தில் போவதானால் பறவைக்காகப் போங்கள், யானை வந்தால் இலாபம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

எந்த மாதமானாலும் விடியற்காலை ஓட்டத்தைப் பிடியுங்கள். மாலையிலும் வள்ளம் போகும். யானை தண்ணீருக்கு இறங்கும் நேரம் அதுதான் என்று சிலர் சொல்வதும் உண்மை. ஆனால் ஆனி, ஆடியில் கச்சான் காற்று அடிக்கத் தொடங்கிவிட்டால் வெயில் ஏற ஏறக் குளத்தில் அலை எழும்பும். சின்ன வள்ளம் தட்டித் தட்டித்தான் போகும், சிதறும் தண்ணீரில் கைபேசி நனையும், வயிறு கலங்குகிறவர்களுக்குக் கலங்கும். காலை ஆறு மணிக்குக் குளம் அசையாமல் கிடக்கும்.

ஆறு மணிக்கு அங்கே நிற்க வேண்டுமானால் முதல் நாள் இரவே அம்பாறையிலோ இங்கினியாகலையிலோ தங்குவது நல்லது. கல்முனையில் இருப்பவர்கள் நாலரைக்குப் புறப்பட்டு, காரைதீவுச் சந்தியில் திரும்பி, சம்மாந்துறை, அம்பாறை வழியாக வரலாம். மட்டக்களப்பிலிருந்து இரண்டு மணித்தியாலத்துக்குக் குறையாது. சாமத்தில் எழும்பி வந்த பிள்ளைகள் வள்ளத்தில் ஏறியதும் தூங்கிவிடும்.

ரிக்கற், வள்ளம், பாஷை

வள்ளத்துக்கான ஏற்பாடு இங்கினியாகலையில் உள்ள வனஜீவராசிகள் திணைக்கள அலுவலகத்தில். கட்டணம் பல துண்டாக வரும்: நுழைவு, வள்ளம், கூட வரும் வழிகாட்டி, அதற்கு மேல் வரி. வெளிநாட்டுக் கடவுச்சீட்டோடு போனால் வெளிநாட்டவர் கட்டணம்தான். உள்ளூர்க் கட்டணத்தோடு பார்க்கும்போது பல மடங்கு. இரட்டைக் குடியுரிமை வைத்திருப்பவர்கள் இலங்கை அடையாள அட்டையையோ கடவுச்சீட்டையோ கையில் கொண்டு போங்கள். ‘நானும் இந்த ஊர்தான் தம்பி’ என்று வாயால் சொல்வதில் பயனில்லை, ரிக்கற் கொடுப்பவருக்குக் கணக்கு எழுதக் காகிதம் வேண்டும். கட்டணம் மாறிக்கொண்டே இருப்பதால் முதல் நாளே யாரையாவது கொண்டு கேட்டு வையுங்கள். காசாகவே கொண்டு போங்கள்.

வள்ளம் சின்னது. பத்துப் பேர் கொண்ட குடும்பம் என்றால் இரண்டு வள்ளம் தேவைப்படலாம். ‘பிள்ளைதானே, மடியில் வைக்கலாம்’ என்று ஆள் கூட்டி ஏற்றாதீர்கள். லைஃப் ஜாக்கெட்டை எல்லோரும் போட வேண்டும், அப்பாவும் சேர்த்து. பிள்ளைக்குக் கொடுத்த ஜாக்கெட் தோளில் தொங்கிக்கொண்டு நின்றால் சின்ன அளவு கேட்டு வாங்குங்கள். தண்ணீரில் விழுந்தால் பெரிய ஜாக்கெட் மேலே மிதக்கும், பிள்ளை கீழே நழுவும். தண்ணீர் குறைந்த காலத்தில் வள்ளம் ஏறுமிடம் கரையை விட்டுத் தள்ளிப் போய்விடும், கொஞ்சம் சேற்றில் நடக்க வேண்டி வரலாம். முழங்கால் வலிக்காரர்கள் கூட வந்தால் அதை முதலிலேயே சொல்லி வையுங்கள். அப்புறம், கழிப்பறை அலுவல் எல்லாம் கரையிலேயே முடிய வேண்டும்.

அங்கே பெரும்பாலும் சிங்களம்தான் பேசுவார்கள். கல்முனை, சம்மாந்துறைப் பக்கத்து ஓட்டுநர்கள் பலருக்குச் சிங்களம் சரளம். அவரையும் வள்ளத்தில் ஏற்றிக்கொள்ளுங்கள். அவருக்கும் ஒரு ரிக்கற் எடுப்பது வீண்செலவு இல்லை. இல்லாவிட்டால் இரண்டு சொல்லாவது தெரிந்து வையுங்கள்: மெதுவாக என்றால் ‘ஹெமின்’, நிறுத்துங்கள் என்றால் ‘நவத்தன்ன’. வள்ளக்காரர் உங்களைச் சந்தோசப்படுத்தவென்று யானைக்குக் கிட்டப் போகப் பார்ப்பார், சொல்லித் தடுக்க வேண்டியது நீங்கள்தான்.

தண்ணீரில்

முதல் கால் மணித்தியாலத்தில் ஒன்றும் இருக்காது. தண்ணீர், மலை, தண்ணீருக்குள் நின்று பட்டுப்போன மரங்கள். அந்த மரங்களைக் கவனியுங்கள்: கொப்புக்கொப்பாக நீர்க்காகம் சிறகை விரித்துக் காயவிட்டுக்கொண்டு நிற்கும். பறவைத் தீவு என்று ஒரு பாறைத் தீவைக் காட்டுவார்கள். கூடு கட்டும் காலத்தில் அதைக் கண்ணுக்கு முன்னே மூக்கு கண்டுபிடித்துவிடும். நாரை, கொக்கு, கூழைக்கடா எல்லாம் வரும், கடற்கழுகும் உண்டு. கரையோரம் கட்டை மாதிரிக் கிடப்பது எல்லாம் கட்டை இல்லை, முதலையும் உண்டு. ஆகவே கையைத் தண்ணீரில் விட்டு அளைவது வேண்டாம்.

யானை கரையில் மேயும்போது அவசரப்படாமல் பாருங்கள். முன்காலின் நகத்தால் புல்லின் அடியை உதைத்து உதைத்துக் கிளப்பும், தும்பிக்கையால் சுருட்டி எடுக்கும், பிறகு அந்தப் பிடிப் புல்லை முழங்காலில் நாலு தரம் அடித்து மண்ணை உதறிவிட்டுத்தான் வாயில் வைக்கும். எங்கள் அம்மாக்கள் கீரைக்கட்டை உதறுவதில் இருக்கும் அதே பொறுமை. எஞ்சின் நின்றிருந்தால் அந்த அடி சத்தம் தண்ணீர் வழியே உங்களுக்குக் கேட்கும்.

நீந்தும் யானை எல்லோருக்கும் கிடைப்பதில்லை. கிடைத்தால், தூரத்தில் கறுப்பாக ஒரு பாறை நகர்வது போலத்தான் முதலில் தெரியும். நெற்றியின் மேடும் தூக்கிப் பிடித்த தும்பிக்கை நுனியும் மட்டும் வெளியே, மற்ற உடம்பு முழுக்கத் தண்ணீருக்குள். கூட்டமாகப் போனால் குட்டி நடுவில். இந்த நேரத்தில்தான் வள்ளத்தை நிறுத்தச் சொல்ல வேண்டும். யானை போகும் தீவுக்கும் அதற்கும் இடையில் வள்ளம் ஒருபோதும் போகக்கூடாது. கரையேற வழியில்லாமல் திரும்பி நீந்த வைத்தால் பெரிய யானைக்கே களைப்பு, குட்டிக்கு உயிராபத்து. நல்ல வீடியோ வேண்டும் என்று பக்கவாட்டில் துரத்துவதும் அதே பாவம்தான். தனியன் ஒன்று கரையில் நின்று காதை விரித்துத் தலையை ஆட்டினால், பார்த்தது போதும் என்று விலகுங்கள்.

தீவில் இறங்கி நடக்கலாமா என்று பிள்ளைகள் கேட்பார்கள். கூட வரும் திணைக்கள வழிகாட்டி ஓம் என்றால் மட்டும். அவர் வேண்டாம் என்றால் பேச்சே இல்லை. வெளியே இருந்து பார்க்க வெறும் பற்றையாகத் தெரியும் தீவுக்குள் யானை படுத்திருக்கலாம், தீவு சின்னது என்பதால் உங்களுக்கு ஓட இடமும் இருக்காது. வழிகாட்டிக்குக் காசு கொடுத்து மனம் மாற்றப் பார்க்கிறவர்களும் நம்மில் உண்டு. தயவு செய்து வேண்டாம்.

காட்டில் நடக்க

நடைக்கு வேறு இடம் இருக்கிறது. இங்கினியாகலையிலிருந்து பிபிலைக்குப் போகும் வீதியில் ரத்துகலை என்ற வேடர் கிராமம். அங்குள்ள வேடர் ஒருவரோடு பக்கத்துக் காட்டில் நடக்கலாம். தங்குமிடக்காரர் மூலமோ ஊரில் நேரே கேட்டோ ஒழுங்கு செய்யலாம். வள்ளத்தையும் இதையும் ஒரே காலையில் முடிக்கப் பார்க்காதீர்கள். ஒன்று விடியற்காலை என்றால் மற்றது பின்னேரம், அல்லது அடுத்த நாள்.

அந்தக் காடு சிங்கராஜா போல இருண்ட காடு இல்லை. உயரப் புல்லும் இடையிடையே மரமுமாகத் திறந்து கிடக்கும். கடுக்காய், தான்றி, நெல்லி மூன்றும் அங்கே இயற்கையாகவே நிற்கின்றன. திரிபலா என்று டப்பாவில் தூளாக வாங்கிய பிள்ளைகளுக்கு மூன்று மரத்தையும் தொட்டுக் காட்டலாம். கூட வருபவர் எந்தப் பட்டை எதற்கு, தேன் எந்தப் பாறையில் என்று சொல்லிக்கொண்டே போவார். வேடர் என்றதும் அம்பும் வில்லுமாக நிற்கச் சொல்லிப் படம் எடுக்காதீர்கள். வள்ளியம்மை வேடர் குலத்துப் பெண் என்று கும்பிடுகிற நாம், வாகரையிலும் மூதூரிலும் தமிழ் பேசும் வேடர் வாழ்வதை அறிந்திருக்கும் நாம், அவர்களைக் காட்சிப்பொருளாகப் பார்ப்பது அழகில்லை. நடந்ததற்கு உரிய கூலியைக் கொடுங்கள், தேன் இருந்தால் வாங்குங்கள்.

இது உலர்வலயம். மலைநாட்டில் போல அட்டைத் தொல்லை இருக்காது, அதற்குப் பதில் உண்ணி. நீளக் காற்சட்டை, அதன் காலை மேசுக்குள் செருகிவிடுவது, திரும்பி வந்ததும் முழங்கால் பின்பக்கம், இடுப்பு, பிள்ளைகளின் காதுமடல் என்று தேடிப் பார்ப்பது. சின்ன உண்ணி எள்ளைவிடச் சிறிதாக இருக்கும். நீல ஜீன்ஸ் வெயிலில் கொதிக்கும், மெல்லிய பருத்தி நல்லது. தொப்பி கட்டாயம், வள்ளத்துக்குக் கூரை இருக்கும் என்று நம்பிப் போகாதீர்கள்.

சாப்பாட்டை அம்பாறையில் கட்டிக்கொள்ளுங்கள். றொட்டியும் கட்டைச் சம்பலும் வெயிலைத் தாங்கும், பாற்சோறு தாங்காது. தண்ணீரைத் திரும்ப நிரப்பக்கூடிய போத்தலில் கொண்டு போங்கள், பொலித்தீன் பை வேண்டாம். இது பூங்காச் சட்டத்துக்காக மட்டும் சொல்வதில்லை. அம்பாறைக்குப் பக்கத்தில் பள்ளக்காட்டில் குப்பை கொட்டும் இடத்துக்கு யானைகள் பழகி, வயிற்றில் பிளாஸ்டிக்கோடு செத்துக் கிடந்த படங்கள் 2022இல் உலகம் முழுக்கப் பரவின. கனடாவில் இருந்துகொண்டு நீங்களும் அதைப் பகிர்ந்திருப்பீர்கள்.

ஆடியில் கதிர்காமத் திருவிழாவுக்கும் சேர்த்து வருகிறவர்களுக்கு இது வழியிலேயே இருக்கிறது. காலை வள்ளம், பத்து மணிக்குக் குளிப்பு, சாப்பாடு, பிறகு தமன, சியம்பலாண்டுவை வழியாக மொனராகலை, அங்கிருந்து கதிர்காமம். யானை பார்த்த களைப்பில் பின்னேரம் வரை தூங்கிவிட்டு இருட்டியபின் வானை எடுக்காதீர்கள். அம்பாறை, தமன வீதிகளில் கரும்புக்கும் நெல்லுக்கும் இறங்கும் யானை பொழுது பட்டால் வீதிக்கு வரும். வந்தால் ஹோர்ன் அடிப்பதும், லைட்டை விட்டுவிட்டு எரிப்பதும், ஜன்னலால் வாழைப்பழம் எறிவதும் கூடாது. நல்ல தூரத்தில் நிறுத்தி, பின்னால் எடுக்க இடம் வைத்துக்கொண்டு, அது தாண்டும் வரை பொறுங்கள். ஓட்டுநர் அவசரப்பட்டால் அவரிடமும் அதையே சொல்லுங்கள். மொனராகலையில் சாப்பாட்டுக் கடை இரவிலும் திறந்திருக்கும்.