கிணறு மட்டும் பொது

கோபிசெட்டிபாளையம் பக்கம் அப்பா விட்டுச்சென்ற தோட்டம் அது. உயில் இல்லை. அண்ணன், தம்பி, நான் என மூவருக்கும் சமபங்கு என்று பாகப்பிரிவினை வழக்கில் முதல்நிலைத் தீர்ப்பாணை வந்ததும் வழக்கு முடிந்ததாக நினைத்து ஆறு ஆண்டுகள் இருந்துவிட்டோம். பட்டா மாற்றப் போனபோதுதான் உறைத்தது: அந்த ஆணை பங்கின் அளவைத்தான் சொல்லும், எந்த மண் யாருக்கு என்று சொல்லாது. அதைப் பிரித்துச் சொல்லும் இறுதித் தீர்ப்பாணைக்குத் தனியாக மனுப் போட வேண்டும். காலம் கடந்துவிட்டதோ என்று பதறினேன். பாகப்பிரிவினையில் அம்மனுவுக்குக் காலவரம்பு இல்லை என்ற உச்ச நீதிமன்றத்தின் 2009 தீர்ப்பை வழக்கறிஞர் காட்டிய பிறகே தூங்கினேன்.

நீதிமன்றம் நியமித்த வழக்கறிஞர் ஆணையர் சர்வேயருடன் வந்து அளந்தார். கிணறு தம்பியின் துண்டில் விழுந்தது. தண்ணீர் இல்லாத தோட்டத்தை வைத்து நான் என்ன செய்வேன்? கிணறும் வண்டித்தடமும் பொது, தண்ணீருக்கு ஆளுக்கு இரண்டு நாள் முறை என்று எழுத்தில் ஆட்சேபம் கொடுத்தேன். "அம்மிணி கேட்பது நியாயம்தான்" என்று அண்ணன் கையெழுத்திட்டார், தம்பியும் இணங்கினான். இறுதி ஆணையிலும் வரைபடத்திலும் அது ஏறியது.

இறுதி ஆணையை முத்திரைத்தாளில் எழுதி வாங்க மறக்காதீர்கள். அதைக் கொடுத்த பிறகுதான் நிலத்தின் சர்வே எண்ணை உட்பிரிவு செய்து என் பெயருக்குப் பட்டா வந்தது.