1636 பிப்ரவரி எந்த வருடம்? பழைய இங்கிலாந்து ஆவணங்களில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன வாரம் ஒரு முதுகலை மாணவி தன் கட்டுரை வரைவை அனுப்பியிருந்தார். 17ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் நகரங்கள் எப்படி ஆளப்பட்டன என்பதுதான் பொருள். உழைப்பில் குறையே இல்லை. ஆனால் மூன்றாம் பக்கத்தில் 1642 பிப்ரவரியில் ஒரு கடிதம், 1642 ஜூலையில் அதற்குப் பதில். நடுவே 'ஐந்து மாத மௌனம்' என்று துணைத்தலைப்பு வேறு.

உண்மையில் ஜூலைக் கடிதம்தான் முதலில் எழுதப்பட்டது. பிப்ரவரிக் கடிதம் ஏழு மாதம் கழித்து வந்தது. அதற்குள் ஆகஸ்டில் மன்னர் முதலாம் சார்லஸ் நாட்டிங்காமில் கொடியேற்றி உள்நாட்டுப் போரையே தொடங்கிவிட்டார். அந்த மௌனத்துக்கு வேறு காரணமே தேட வேண்டாம்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை, பழைய எரிச்சல்தான் வந்தது. நானும் விழுந்த குழி அது. கையெழுத்தைத் தப்பாகப் படிப்பது, ஒரே பெயர் நாலு விதமாக எழுதப்பட்டிருப்பதில் குழம்புவது எல்லாம் பழகப் பழகச் சரியாகிவிடும். அவற்றை விட்டுவிடுகிறேன்.

'பிரிட்டிஷ் அரசு' என்று எழுதுவது

1707க்கு முன்னால் வேண்டாம்; இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் ஒரே நாடானது அப்போதுதான். 1603 முதல் இங்கிலாந்துக்கும் ஸ்காட்லாந்துக்கும் மன்னர் ஒருவர்தான்; நாடாளுமன்றமும் சட்டமும் வேறு வேறு.

வருடம் ஜனவரியில் பிறந்தது என்று நினைப்பது

இங்கிலாந்தில் 1752 வரை அரசு ஆவணங்களிலும் நீதிமன்றங்களிலும் வருட எண் மாறியது மார்ச் 25 அன்று. 1636 டிசம்பர் 31க்கு மறுநாள் 1636 ஜனவரி 1. மார்ச் 24 வரை 1636தான். முதலாம் சார்லஸின் தலை வெட்டப்பட்டது 1649 ஜனவரி 30 என்று நாம் படிக்கிறோம். அன்றைய லண்டன் எழுத்தருக்கு அது 1648. போதாக்குறைக்கு, ஜனவரி 1ஐப் புத்தாண்டு நாள் என்றே அழைத்தார்கள், அரசவையில் பரிசுகூடக் கொடுத்தார்கள். எண் மட்டும் மாறாது. ஸ்காட்லாந்து 1600லேயே ஜனவரிக்கு மாறிவிட்டதால், எடின்பரோவில் 1637 பிறந்த பிறகும் லண்டனில் கிட்டத்தட்ட மூன்று மாதம் 1636 ஓடிக்கொண்டிருந்தது.

இது தெரியாமல் நான் ஒரு ரொட்டிக்காரரின் கதையை எழுதினேன். ஒரு சிறு நகரத்தின் மன்றக் குறிப்புகளில் அவர் இரண்டு இடத்தில் வருகிறார். 1636 பிப்ரவரியில், ரொட்டி எடை குறைவு என்று அபராதம். 1636 நவம்பரில், சந்தையில் எல்லோர் முன்னாலும் மேயரைத் திட்டியதாகப் புகார். அந்தக் காலத்தில் பென்னி ரொட்டியின் விலை மாறாது, தானிய விலை ஏறினால் எடைதான் இறங்கும். இன்றைக்கு எத்தனை அவுன்ஸ் என்பதை நகர நிர்வாகம் நிர்ணயிக்கும். அதனால் எடையில் ஏமாற்றுவது பெரிய குற்றம். சரி, ஏமாற்றினார், மாட்டினார், கடுப்பில் ஒன்பது மாதம் கழித்துத் திட்டினார் என்று முடிவுகட்டினேன். நேர்மையான நிர்வாகம், அடங்காத வியாபாரி என்ற கோணத்தில் நாற்பது பக்கம்.

இரண்டு குறிப்பிலும் ஒரே மேயர். அந்த ஊரில் வருடா வருடம் செப்டம்பர் கடைசியில் மேயர் மாறுவார். அங்கேயே எனக்குப் பொறி தட்டியிருக்க வேண்டும். தட்டவில்லை. 'இவர் இரண்டாம் முறையும் மேயரானார்' என்று அடிக்குறிப்பு போட்டு, நகரப் பதவிகள் சில குடும்பங்களின் கையில் இருந்ததற்கு அதையே சான்றாகவும் காட்டினேன்.

வரிசையைத் திருப்பிப் பாருங்கள். நவம்பரில் திட்டு. மூன்று மாதம் கழித்து, அதே மேயரின் ஆட்சியில், தராசு அவர் கடைக்கு வருகிறது. நிர்வாகத்தின் நேர்மையை இப்போது யார் நம்புவார்கள்? நாற்பது பக்கமும் போயிற்று. ஆய்வு வழிகாட்டி ஓரத்தில் '1636/7' (அவர்கள் கணக்கில் 1636, நம் கணக்கில் 1637) என்று மட்டும் எழுதித் திருப்பிக் கொடுத்தார். இதில் கூடுதல் வெட்கம், எங்கள் தாத்தாவின் நாகர்கோவில் பத்திரங்களில் கொல்லம் ஆண்டைப் பார்த்து வளர்ந்தவன் நான். ஆவணியில் வருட எண் மாறும் கணக்கு எனக்குப் புதிதே அல்ல.

ஆகவே ஜனவரி 1 முதல் மார்ச் 24 வரையான எந்தத் தேதியையும் 1636/7 என்று இரட்டையாக எழுதிவையுங்கள். அச்சுப் பதிப்பு என்றால் முன்னுரையைப் படியுங்கள். பதிப்பாசிரியர் ஏற்கெனவே வருடத்தை மாற்றியிருப்பார், நீங்கள் இன்னொன்று கூட்டி 1638க்குப் போய்விடுவீர்கள். அதையும் செய்திருக்கிறேன்.

நாள் கணக்கு தனி. கத்தோலிக்க நாடுகள் 1582 முதல் புது நாட்காட்டிக்கு, அதாவது இன்று நாம் பயன்படுத்தும் கிரிகோரியன் நாட்காட்டிக்கு, மாறத் தொடங்கின; ஹாலந்தும் சீக்கிரமே மாறியது. இங்கிலாந்து 17ஆம் நூற்றாண்டு முழுக்கப் பத்து நாள் பின்தங்கியிருந்தது. அதனால்தான் ஆரஞ்சு இளவரசர் வில்லியம் 1688ல் டச்சுக் கணக்குப்படி நவம்பர் 11 அன்று கப்பலேறி, ஆங்கிலக் கணக்குப்படி நவம்பர் 5 அன்று இங்கிலாந்தில் கரையிறங்கினார்.

ஊரில் இருந்தவரெல்லாம் 'நகரக் குடிமக்கள்'

இல்லை. ஃப்ரீமேன் என்று பதிவானவருக்குத்தான் ஊருக்குள் சொந்தமாகக் கடை வைக்கும் உரிமை. பல ஊர்களில் ஓட்டும் அவருக்கே. அதற்குப் பொதுவாக மூன்று வழி: ஏழு வருடத் தொழிற்பயிற்சி, அப்பா ஃப்ரீமேனாக இருப்பது, பணம். கூலியாட்களும் வேலைக்காரிகளும் ஆயுள் முழுக்க அந்த ஊரில் இருந்தாலும் கணக்கில் சேர மாட்டார்கள்.

கான்ஸ்டபிளைப் போலீஸ் ஆக்குவது

அவர் பக்கத்து வீட்டுத் தச்சரோ விவசாயியோதான். பெரும்பாலும் ஒரு வருட முறை, சம்பளம் கிடையாது. லண்டனுக்குப் பெருநகரப் போலீஸ் வந்ததே 1829ல்.

சூனியக்காரிகளை எரித்தார்கள்

இங்கிலாந்தில் தூக்கிலிட்டார்கள். எரித்தது ஸ்காட்லாந்தில்.

சட்டத்தில் இருப்பதெல்லாம் நடந்தது என்று நம்புவது

12 பென்சுக்கு மேல் திருடினால் தூக்கு என்பது சட்டம். இதைப் படித்துவிட்டுத் தெருவுக்குத் தெரு தூக்குமரம் நட்டு எழுதுகிறார்கள். நடைமுறையில் தப்பிக்கும் சந்துகள் ஏராளம். மதகுருமாருக்கான சலுகை என்று ஒன்று, படிக்கத் தெரிந்தவரையும் மதகுருவாகவே கணக்கில் கொண்டார்கள்: பைபிளில் 51ஆம் சங்கீதத்தின் முதல் வரியைப் படித்துக் காட்டினால், முதல் முறை குற்றவாளி பல குற்றங்களில் கட்டைவிரலில் சூட்டோடு தப்பலாம். நாடகாசிரியர் பென் ஜான்சன் 1598ல் ஒரு நடிகரைச் சண்டையில் கொன்றுவிட்டு இப்படித்தான் பிழைத்தார். பெண்களுக்கு அந்தச் சலுகை முழுதாகக் கிடைக்க 1691 வரை ஆயிற்று.

அப்புறம் ஜூரிகள். திருடியவர் மேல் இரக்கம் வந்தால், திருட்டுப்போன பொருளின் மதிப்பு 10 பென்ஸ் அல்லது 11 பென்ஸ் என்று தீர்ப்பு சொல்லிவிடுவார்கள். தூக்கு போய்ச் சவுக்கடியோடு முடியும். அந்த 10 பென்சை உண்மை விலை என்று எடுத்துக்கொண்டு விலைவாசி அட்டவணை போட்டுவிடாதீர்கள். ஒருவர் போட்டிருந்தார், போர்வையும் வெள்ளிக் கரண்டியும் ஒரே விலை.